குறிப்பேட்டில் நாஞ்சில் நாடு

போட்டித் தேர்வுகளுக்கான வரலாற்றுக் குறிப்பேடுகளிலிருந்து, குமரி மாவட்டத்தோடு தொடர்புடைய வரிகளை மட்டும் உருவி ஒரு தாளில் எழுதினால் அத்தாளின் ஒரு பக்கம்கூட நிரம்பாது. காந்தளூர்ச்சாலையில் சேரர் கப்பற்படையை அழித்தவன் முதலாம் இராஜராஜன். குளச்சல் போர், 1741. வேலுத்தம்பியின் குண்டறைப் பிரகடனம், 1809. வைகுண்டர், சாமித்தோப்பு. தோள்சீலைப் போராட்டம், 1859இல் உரிமை. ஆலய நுழைவுப் பிரகடனம், 1936. தமிழ்நாட்டோடு இணைப்பு, 1 நவம்பர் 1956. ஆயிரமாண்டுகள் ஏழு வரிகளில் அடங்கிவிட்டன.

இந்த ஏழும் ஒரே குறிப்பேட்டில் கிடைப்பதும் இல்லை. தமிழகத் தேர்வாணையத்திற்கென்று எழுதப்பட்டவற்றில் கட்டபொம்மனும் மருதுபாண்டியரும் வேலூர்க் கிளர்ச்சியும் விரிவாக இருக்கும். தக்கலையை அடுத்த தலக்குளத்தில் பிறந்த வேலுத்தம்பி இருக்கமாட்டார். அவரைத் தேட வேண்டிய இடம் கேரளத் தேர்வாணையத்திற்கான குறிப்பேடு. வைகுண்டர் இரண்டிலும் வருவார், ஆனால் இரண்டு வேறு மனிதர்களைப் போல. அங்கே அவர் கேரள மறுமலர்ச்சியின் முதல் பெயர்களில் ஒருவர். இங்கே தமிழகச் சீர்திருத்தவாதிகளின் வரிசையில் வள்ளலாருக்குப் பக்கத்தில் நிற்பவர். நாகர்கோவிலில் இருந்துகொண்டு தேர்வுக்குப் படிக்கும் ஓர் இளைஞனுக்குத் தன் ஊரின் வரலாறு இரண்டு மாநிலங்களின் இரண்டு நோட்ஸ்களில் பாதிப்பாதியாகக் கிடைக்கிறது. இரண்டையும் அவன் படிப்பதில்லை. படிக்க நேரமும் இல்லை.

குறிப்பேடுகளை இகழ்வது என் நோக்கமன்று. சுருக்கி எழுதி மனத்தில் இருத்துவது நமக்குப் பழகிய கல்விமுறை. சூத்திரமும் நிகண்டும் வேறென்ன? இலட்சக்கணக்கானோர் எழுதும் ஒரு கொள்குறித் தேர்வில் சில நூறு இடங்களுக்குப் போட்டியிடுபவனிடம் மூலநூல்களைப் படி என்று சொல்வது, பசித்தவனிடம் நெல் விதைக்கச் சொல்வதைப் போன்றது. சுருக்கும்போது எது விடுபடுகிறது என்பதே என் கேள்வி. நாஞ்சில் நாட்டைப் பொறுத்தவரை விடுபடுவது பெரும்பாலும் ஒரே வகையான செய்தி. ஒரு முடிவின் ஆண்டு நிற்கிறது. அம்முடிவோடு ஒட்டியிருந்த நிபந்தனையும் சர்ச்சையும் போய்விடுகின்றன.

முதலில் ஒரு முரணைச் சொல்லவேண்டும். தமிழக வரலாற்றுக் குறிப்பேடுகள் பலவற்றின் முதுகெலும்பாக இருப்பது கே.கே.பிள்ளையின் 'தமிழக வரலாறு: மக்களும் பண்பாடும்'. தேர்வு எழுதுபவர்கள் இன்றும் தேடிப் படிக்கும் நூல் அது. அதைப் படிக்காதவர்களும் அதிலிருந்து எடுத்த வரிகளைத்தான் மூன்றாம் கை, நான்காம் கையாகப் படிக்கிறார்கள். கே.கே.பிள்ளை நாஞ்சில் மண்ணைச் சேர்ந்தவர். 1953இல் வெளிவந்த அவருடைய ஆங்கில நூல் சுசீந்திரம் கோயிலைப் பற்றியது. ஒரே ஒரு கோயிலை எடுத்துக்கொண்டு, அதன் கல்வெட்டுகள், நிலங்கள், நிர்வாகம், திருவிழா, ஊழியர்கள் என்று அடுக்கடுக்காகப் பிரித்து ஒரு வட்டாரத்தின் சமூக வரலாற்றையே எழுதிக்காட்டியவர் அவர். சுசீந்திரத்தில் நம்பூதிரிகள் மீது எழுந்த பழியை விசாரிக்கக் கொதிக்கும் நெய்யில் கையை முக்கச் சொன்ன 'கைமுக்கு' வழக்கத்தை அந்நூலில் படித்தவர்கள் எளிதில் மறக்கமாட்டார்கள். அதுவும் ஒரு தேர்வுதான், அதற்கு மட்டும் குறிப்பேடு கிடையாது. ஒரு கோயிலுக்கு ஒரு நூல் எழுதியவரின் பிற்காலப் பெருநூல், வரிவரியாக உடைக்கப்பட்டு 'பொருத்துக' வினாக்களாகிவிட்டது.

இனி அந்த ஏழு வரிகளுக்கு வருவோம். எல்லாவற்றையும் ஒரே அளவில் பேசப்போவதில்லை.

காந்தளூர்ச்சாலையை எடுத்துக்கொள்வோம். இராஜராஜனின் கல்வெட்டுகளில் அவனுடைய நான்காம் ஆட்சியாண்டிலிருந்தே, சாலையில் 'கலமறுத்தவன்' என்னும் பெருமை இடம்பெறத் தொடங்குகிறது. கலம் என்றால் கப்பல், அறுத்தல் என்றால் அழித்தல், ஆகவே கடற்போர். இது ஹூல்ஷ் காலத்துக் கல்வெட்டறிஞர்கள் கொண்ட பொருள். நீலகண்ட சாஸ்திரியின் பெயரோடு நிலைத்தது. இன்று எல்லாக் குறிப்பேட்டிலும் ஐயத்துக்கு இடமில்லாத வரி. ஆனால் இதே பெருமையை முதலாம் இராஜாதிராஜனும் உரிமை கொண்டாடுகிறான். முதற் குலோத்துங்கனும் கொண்டாடுகிறான். ஒரே துறைமுகத்தில் ஒரே கப்பற்படையை நூறாண்டுகளாகத் தலைமுறை தலைமுறையாக அழித்துக்கொண்டிருந்தார்களா என்று ஒரு மாணவன் கேட்டால், குறிப்பேட்டிடம் விடையில்லை.

இந்தக் கேள்வியைக் கேட்டவர்களில் ஒருவர், குறிப்பேட்டில் வேறொரு பக்கத்தில், 'தமிழ் இலக்கியம்' என்ற தலைப்பின்கீழ் இருக்கிறார். தேரூரில் பிறந்த கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை. அவரைக் குழந்தைப் பாடல்களின் கவிஞராகவும் உமர்கய்யாமைத் தமிழில் தந்தவராகவும் நாம் அறிவோம். கல்வெட்டு ஆராய்ச்சியாளராக அறிந்தவர்கள் குறைவு. காந்தளூர்ச்சாலை பற்றி அவர் ஆங்கிலத்தில் ஒரு ஆய்வு எழுதினார். சாலை என்பது துறைமுகமன்று, ஊட்டு நடக்கும் இடம்; கலம் என்பது கப்பலன்று, உண்கலம் என்பது அவர் சென்ற வழி. திருவிதாங்கூர் ஊட்டுப்புரைகளையும் கோயில் ஊட்டுகளையும் கண்ணால் பார்த்து வளர்ந்த ஒருவருக்கு அந்தச் சொற்கள் வேறு மாதிரி ஒலித்திருக்கின்றன. பின்னாளில் எம்.ஜி.எஸ். நாராயணன் இந்தச் சாலைகளை வேதக்கல்வியும் ஆயுதப்பயிற்சியும் சேர்ந்த நிறுவனங்களாக விளக்கினார். இவர்களில் யார் சரி என்பதில் அறிஞர்களிடையே இன்றும் ஒருமனம் இல்லை. கவிமணியின் விளக்கம் எல்லா முடிச்சுகளையும் அவிழ்த்துவிடவில்லை என்பதே என் எண்ணம்; ஒரு பேரரசன், தன் வெற்றிகளின் தலைப்பில் வைக்கும் அளவுக்கு அந்த ஊட்டுச்சாலையில் என்ன நடந்தது என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. ஆனால் 'கப்பற்படை' என்பது ஒரு விளக்கம் மட்டுமே, சான்று அன்று என்பதைக் காட்டியது அவருடைய பங்களிப்பு.

சாலை என்றால் என்ன என்பதற்கு நேரடியான ஆவணம் குமரி மாவட்டத்திலேயே இருக்கிறது. முன்சிறைக்கு அருகே பார்த்திவபுரம். ஆய் மன்னன் கோக்கருநந்தடக்கன் 866ஆம் ஆண்டளவில் முன்சிறைச் சபையாரிடமிருந்து நிலம் பெற்று, அங்கே ஒரு விண்ணகரம் எடுத்து, அதோடு ஒரு சாலையும் அமைத்தான். திருவனந்தபுரத்து ஹுசூர்க் கச்சேரியில் இருந்ததால் ஹுசூர் அலுவலகச் செப்பேடு என்று பெயர் பெற்ற அந்த ஆவணத்தை, திருவிதாங்கூர்த் தொல்லியல் வரிசையின் முதல் தொகுதியில் கோபிநாதராவ் பதிப்பித்தார். சாலையில் 95 சட்டர்களுக்கு இடம். காந்தளூரின் முறைமையைப் பின்பற்றி இது அமைக்கப்படுகிறது என்று செப்பேடே சொல்கிறது. சட்டர் என்றால் மாணவர் என்று எளிமையாகக் கொள்ளலாம். 95 இடங்களும் மூன்று வேதசாகைகளுக்கு 45, 36, 14 என்று பங்கிடப்பட்டிருக்கின்றன. இன்றைய மொழியில் சொன்னால் ஒதுக்கீடு. ஒருவரையொருவர் ஏசினால் தண்டம், அவைக்கு ஆயுதத்தோடு வரக்கூடாது, மடத்தில் பணிப்பெண்களை வைத்துக்கொள்ளக்கூடாது என்று விடுதி விதிகளும் உண்டு. விதி எழுதப்பட்டிருக்கிறது என்றால் அது மீறப்பட்டிருக்கிறது என்று பொருள் கொள்வது வரலாற்றாசிரியனின் பழைய தந்திரம்.

இந்தச் செப்பேட்டில் என்னை நிறுத்தியது சேர்க்கைக்கான தகுதி பற்றிய பகுதி. இலக்கணமும் மீமாம்சையும் புரோகிதமும் அறிந்திருக்க வேண்டும் என்பதோடு, 'த்ரைராஜ்ய வ்யவஹாரம்' என்று ஒரு தொடர் வருகிறது. மூன்று அரசுகளின் நடைமுறை என்று பொருள். சேர, சோழ, பாண்டிய நாடுகளின் நிர்வாக வழக்காறுகளுக்குத் தகுந்தவனாக ஒருவன் இருக்கவேண்டும் என்று ஆய்வாளர்கள் இதற்குப் பொருள் சொல்கிறார்கள். மூன்று பெரிய அரசுகளுக்கு நடுவே அகப்பட்டுக்கொண்டிருந்த சிறிய ஆய்நாட்டில், மூன்று அரசுகளையும் அறிந்த படித்தவர்களைப் பொறுக்கி எடுத்து, உணவும் உறைவிடமும் கொடுத்து வைத்திருந்த ஓரிடம். இதைக் குடிமைப்பணிப் பயிற்சிக்கூடம் என்று சொல்வது மிகையாகும். அங்கே சேரும் உரிமை ஒரு வருணத்தாருக்கு மட்டுமே இருந்தது என்பதையும் மறக்கலாகாது. ஆனாலும் குடிமைப்பணித் தேர்வுக்குப் படிக்கும் குமரி மாவட்டத்து மாணவன் ஒருவன், 'காந்தளூர்ச்சாலை — சேரர் கப்பற்படை அழிப்பு' என்று மனப்பாடம் செய்துவிட்டுப் பக்கத்தைத் திருப்பும்போது, தன் வீட்டிலிருந்து பேருந்தில் போய்வரக்கூடிய தொலைவில் அச்சாலையின் நேர்வார்ப்பான ஒரு நிறுவனம் ஆயிரத்து நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன் இருந்ததை அறியாமல் திருப்புகிறான்.

குளச்சலை விரைவாகக் கடந்துவிடலாம். 1741 ஆகஸ்டில் மார்த்தாண்ட வர்மா டச்சுக்காரர்களைத் தோற்கடித்தது, மிளகு வணிகத்தை முன்னிட்டு எழுந்த போர், சிறைப்பட்ட டிலனாய் திருவிதாங்கூர்ப் படைக்குத் தளபதியாகி 1777இல் இறந்து உதயகிரிக் கோட்டையில் புதைக்கப்பட்டது — இவை எல்லாம் சரியாகவே எழுதப்படுகின்றன. ஆனால் 'ஐரோப்பிய வல்லரசைப் போரில் வென்ற முதல் ஆசிய அரசு' என்றொரு வரியும் கூடவே ஒட்டிக்கொண்டு வருகிறது. அது தவறு. 1662லேயே சீனத் தளபதி கோக்ஸிங்கா தைவானின் ஜீலாண்டியாக் கோட்டையிலிருந்து இதே டச்சுக் கம்பெனியை வெளியேற்றியிருந்தார். ஊர்ப்பெருமை எழுதும் வரிகளைத்தான் கூடுதலாகச் சோதிக்கவேண்டும். டிலனாயின் தொடர்பால் கிறித்தவரான நீலகண்டபிள்ளை என்னும் தேவசகாயம் 1752இல் ஆரல்வாய்மொழியில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2022 மே மாதம் வத்திக்கானில் அவருக்குப் புனிதர் பட்டம் வழங்கப்பட்டதும், பதினெட்டாம் நூற்றாண்டில் இருந்திருக்கவேண்டிய அவர் திடீரென்று 'நடப்பு நிகழ்வுகள்' பகுதியில் தோன்றினார். மார்த்தாண்ட வர்மா ஒரு பகுதியில், அவருடைய காலத்தில் கொல்லப்பட்டவர் வேறொரு பகுதியில். இருவரையும் சேர்த்துப் பார்க்கும் கேள்வியைக் கேட்க யாருக்கும் வாய்ப்பில்லை.

தோள்சீலைப் போராட்டம் பற்றிய வரிதான் மிகுந்த இழப்போடு சுருங்கிய வரி. ஆவணங்களில் சாணார் என்று குறிக்கப்படும் நாடார் பெண்கள், மேல்சாதிப் பெண்களைப் போலத் தோளின்மேல் மேலாடை அணியக்கூடாது என்பது தென்திருவிதாங்கூரின் வழக்கம். கிறித்தவரான பெண்கள் குப்பாயம் அணியலாம் என்று மன்றோவின் காலத்தில் 1810களில் ஆணை பிறந்தது. 1822இல் கல்குளம் பகுதியில் முதல் மோதல். 1827 முதல் 1830 வரை இரண்டாவது. பள்ளிகளும் ஆலயங்களும் எரிக்கப்பட்டன. 1829இல் அரசு, மேலாடைக்கான உரிமையை மறுத்து ஆணையிட்டது. 1858இல் விக்டோரியா அரசியின் பிரகடனம் வந்தபோது, சமய வழக்கங்களில் தலையிடமாட்டோம் என்ற அதன் வாக்குறுதியைப் பழைய வழக்கத்துக்குக் கிடைத்த உரிமமாக மேல்சாதியார் எடுத்துக்கொண்டனர். மீண்டும் சந்தைகளில் பெண்களின் ஆடை கிழிக்கப்பட்டது. 1859 ஜூலை 26இல் மகாராஜா உத்திரம் திருநாள் மார்த்தாண்ட வர்மாவின் பிரகடனம் வந்தது. 'மேலாடை அணியும் உரிமை கிடைத்தது' என்று குறிப்பேடு முடித்துவிடுகிறது.

பிரகடனம் சொன்னது அதுவன்று. கிறித்தவப் பெண்கள் அணியும் குப்பாயத்தை அணியலாம். முக்குவப் பெண்களைப் போல முரட்டுத்துணியை உடம்பைச் சுற்றிக் கட்டிக்கொள்ளலாம். வேறெந்த வகையிலும் மார்பை மறைத்துக்கொள்ளலாம். ஆனால் மேல்சாதிப் பெண்கள் உடுத்தும் முறையில் மட்டும் உடுத்தக்கூடாது. இந்தக் கடைசி வாக்கியத்துக்காகத்தான் முப்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாகப் போராட்டம் நடந்தது. போராட்டம் மார்பை மறைப்பதற்கானது மட்டுமன்று, தோளின்மேல் கிடக்கும் சீலைக்கானது. சீலை என்பது சாதியின் இலச்சினை. அரசு உடம்பை மறைக்க அனுமதித்து, இலச்சினையைக் கொடுக்க மறுத்தது. அண்மைக்காலக் குறிப்பேடுகளில் சில இதையும் முலைவரியையும் சேர்த்துக் குழப்பி, வரியை எதிர்த்து நடந்த போராட்டம் என்றே எழுதிவிடுகின்றன. ஆண்களின் தலைவரிக்கு இணையாக ஒடுக்கப்பட்ட சாதிப் பெண்களிடம் வாங்கிய வரி அது. கொடியதுதான். ஆனால் தோள்சீலைக்கான காரணம் அதுவன்று.

இப்பிரகடனத்தின் பின்னால் சென்னை ஆளுநரின் அழுத்தம் இருந்தது. மிஷனரிகளின் முறையீட்டைப் படித்த அவர், நீதியும் மனிதத்தன்மையும் இவ்வளவு தெளிவாக ஒரே பக்கத்தில் நிற்கும் வழக்கைத் தாம் கண்டதில்லை என்ற கருத்தில், ரெசிடெண்ட் கல்லனுக்குக் கடுமையாக எழுதினார். அவர் பெயர் சார்லஸ் டிரெவெல்யன்.

போட்டித் தேர்வு எழுதும் எவரும் சற்று நிற்கவேண்டிய பெயர் இது. பரிந்துரையாலும் குடும்பச் செல்வாக்காலும் நிரம்பிக்கொண்டிருந்த இங்கிலாந்து அரசுப் பணியிடங்களைத் திறந்த போட்டித் தேர்வால் நிரப்பவேண்டும் என்று சொன்ன 1854ஆம் ஆண்டின் புகழ்பெற்ற அறிக்கை, ஸ்டாஃபோர்ட் நார்த்கோட்டும் இவரும் சேர்ந்து எழுதியது. அதே ஆண்டில் இந்தியக் குடிமைப்பணிக்கு அதே கொள்கையை வகுத்தவர் இவருடைய மைத்துனர் மெக்காலே. 1855இல் இலண்டனில் முதல் தேர்வு நடந்தது. 1863இல் சத்தியேந்திரநாத் தாகூர் அதில் தேறிய முதல் இந்தியரானார். 1922இல்தான் அத்தேர்வு இந்தியாவிலும் நடக்கத் தொடங்கியது. நார்த்கோட்–டிரெவெல்யன் அறிக்கை 'ஆட்சியியல்' குறிப்பேட்டில் இருக்கிறது. தோள்சீலை 'தமிழக வரலாறு' குறிப்பேட்டில் இருக்கிறது. 1860இல் ஜேம்ஸ் வில்சன் கொண்டுவந்த வருமான வரியை வெளிப்படையாக எதிர்த்ததற்காகச் சென்னை ஆளுநர் திருப்பி அழைக்கப்பட்டது 'பொருளாதாரம்' பகுதியில் ஒருவேளை இருக்கலாம். மூன்றிலும் ஒரே மனிதர். மூன்றாண்டுகளாக மூன்று குறிப்பேடுகளையும் கரைத்துக் குடித்த என் உறவுக்காரப் பையன் ஒருவனிடம் இதைச் சொன்னபோது, "அப்படியா அண்ணாச்சி, இதைக் கேட்டிருக்கானா?" என்றான். கேட்கமாட்டார்கள். பாடத்திட்டத்தில் இந்த இணைப்புக்கு இடமில்லை.

டிரெவெல்யனைப் புனிதராக்குவதும் பிழை. 1845இல் தொடங்கிய அயர்லாந்துப் பஞ்சத்தின்போது பிரிட்டிஷ் கருவூலத்தின் உயரதிகாரியாக இருந்து, நிவாரணத்தை இறுக்கிப் பிடித்தவர் அவர். அயர்லாந்தில் அவர் பெயர் இன்றும் கசப்போடுதான் சொல்லப்படுகிறது. சந்தையின் விதிகளைக் காட்டி அயர்லாந்தின் பசியை அளந்த அதே மனம், நாஞ்சில் நாட்டுப் பெண்ணின் தோளைப் பற்றி நியாயமாகச் சிந்தித்தது. இரண்டையும் ஒருசேரப் பிடித்துக்கொள்ள முடியாதவர்களுக்குக் காலனிய வரலாறு புரியாது என்பது என் கருத்து.

இந்த வரியும் நெடுநாள் நிற்குமா என்ற ஐயம் உண்டு. மத்தியத் தேர்வுக்குப் படிப்பவர்களின் அடிப்படை நூல்கள் என்.சி.இ.ஆர்.டி.யின் பள்ளிப் பாடநூல்கள். அவற்றில் ஒன்பதாம் வகுப்பு வரலாற்று நூலில், ஆடையின் சமூக வரலாறு பற்றிய இயலில் திருவிதாங்கூர்த் தோள்சீலைப் போராட்டம் ஒரு பகுதியாக இருந்தது. அப்பகுதியிலிருந்து தேர்வில் வினா கேட்கப்படாது என்று 2016 டிசம்பரில் சி.பி.எஸ்.இ. அறிவித்தது. அந்தப் பகுதியின் சொல்லாட்சி பற்றி நாடார் அமைப்புகளுக்கே மனத்தாங்கல் இருந்தது என்பதையும் நேர்மையாகச் சொல்லவேண்டும். 2019இல் அந்த இயல் முழுவதுமே பாடநூலிலிருந்து நீக்கப்பட்டது. சுமையைக் குறைப்பது காரணமாகச் சொல்லப்பட்டது. பாடநூலில் உள்ள பிழையைத் திருத்துவது ஒரு செயல். பாடத்தையே எடுத்துவிடுவது வேறு செயல். பாடநூலில் இல்லாதது குறிப்பேட்டில் வராது. குறிப்பேட்டில் வராததை, நாளை மாவட்ட ஆட்சியராக வரப்போகிறவர் அறியமாட்டார்.

தேர்வின் மூலம் அரசுப்பணி என்னும் ஆசைக்கே திருவிதாங்கூரில் ஒரு வரலாறு உண்டு. 1891இல் 10,028 பேர் கையொப்பமிட்டு மகாராஜாவுக்குக் கொடுத்த மலையாளி மெமோரியல், உயர்பதவிகளில் வெளியிலிருந்து வந்த தமிழ்ப் பிராமணர்களே நிறைந்திருப்பதை எதிர்த்தது. ஐந்தாண்டுகள் கழித்து டாக்டர் பல்ப்பு, 13,176 கையொப்பங்களோடு ஈழவர்களுக்கும் கல்வியும் பதவியும் வேண்டும் என்று கேட்டார். மருத்துவம் படித்துவிட்டுச் சொந்த நாட்டில் வேலை மறுக்கப்பட்டு மைசூருக்குப் போனவர் அவர். அரசுப்பணிக்கு ஆளெடுக்கத் தனி ஆணையர் 1936இல்தான் நியமிக்கப்பட்டார். ஆலய நுழைவுப் பிரகடனமும் அதே ஆண்டு நவம்பர் 12. கோயில் வாசலும் கச்சேரி வாசலும் ஏறத்தாழ ஒரே நேரத்தில் திறந்தன என்பதை இரண்டு குறிப்பேட்டு வரிகளைப் பக்கத்தில் பக்கத்தில் எழுதினால் காணலாம். அதற்குமுன் சுசீந்திரத்தில் 1926இலும் 1930இலும் நடந்த சத்தியாகிரகங்கள், வைக்கத்தின் நிழலில் மறைந்துவிட்டன. முன்னின்று நடத்திய டாக்டர் எம்.இ.நாயுடுவை அவருடைய கோட்டாற்றிலேயே இன்று பலர் அறியார்.

அப்படியானால் குறிப்பேட்டை எப்படிப் படிப்பது? முதல்நிலைத் தேர்வுக்கு வரிகள் போதும். அங்கே அவை நாணயங்கள், செலவழிக்கத்தான் வேண்டும். முதன்மைத் தேர்வு 'விவாதி' என்று கேட்கிறது. அங்கே வரிகளை மட்டும் அடுக்கியவனின் விடைத்தாள் மற்ற ஆயிரம் விடைத்தாள்களைப் போலவே இருக்கும். இடதுபுறம் விளிம்பை அகலமாக விட்டுக் குறிப்பெழுதும் பழைய பள்ளிக்கூட வழக்கம் எனக்குப் பிடிக்கும். வெற்றி, உரிமை, ஒழிப்பு என்று முடியும் ஒவ்வொரு வரிக்கும் எதிரே அந்த விளிம்பில், இதைச் சொன்னது யார், என்ன நிபந்தனையோடு, இந்தப் பெயர் வேறெந்தப் பாடத்தில் வருகிறது என்று எழுதிப் பார்க்கலாம். வரிக்கு இரண்டு நிமிடம் ஆகும். நான் மேலே சொன்னவை அனைத்தும் அப்படிப்பட்ட விளிம்புக் குறிப்புகளே. புதிய கண்டுபிடிப்பு ஒன்றுமில்லை. நாகம் ஐயாவின் திருவிதாங்கூர் மேனுவல், ஹார்ட்கிரேவின் நாடார் வரலாறு, அ.கா.பெருமாளின் நூல்கள் என்று ஒரு மாவட்ட நூலகத்திலோ இணையத்திலோ தேடினால் கிடைப்பவைதான்.

கடைசியாக 1956. மொழிவழி மாநிலப் பிரிப்பு பற்றிய வரிசை எல்லோருக்கும் மனப்பாடம்: பொட்டி ஸ்ரீராமுலு 1952, ஆந்திரம் 1953, பசல் அலி ஆணையம், 1956 நவம்பர் 1. தோவாளை, அகஸ்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்கள் தமிழ்நாட்டோடு சேர்ந்தன; செங்கோட்டையின் ஒரு பகுதி நெல்லைக்குப் போனது; தேவிகுளமும் பீர்மேடும் கிடைக்கவில்லை. நேசமணி என்ற பெயரும் வரும். 1954 ஆகஸ்ட் 11 வராது. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் அறிவித்த போராட்டத்தில் அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது; உயிர்கள் போயின. ஆட்சியில் இருந்தது காங்கிரசன்று, பட்டம் தாணுப்பிள்ளையின் பிரஜா சோஷலிஸ்ட் அமைச்சரவை.

அக்கட்சியின் பொதுச்செயலாளராக இருந்த ராம் மனோகர் லோகியா அப்போது அலகாபாத் நைனி சிறையில் இருந்தார். மக்கள் மீது சுட்ட அரசு ஒரு சோஷலிச அரசாக இருக்கமுடியாது, தாணுப்பிள்ளை பதவி விலகவேண்டும் என்று அங்கிருந்தே தந்தி கொடுத்தார். தன் கட்சிக்குக் கிடைத்திருந்த ஒரே ஆட்சியைத் துறக்கச் சொன்ன கோரிக்கை அது. தாணுப்பிள்ளை மறுத்தார், கட்சி இரண்டுபட்டது, மறு ஆண்டே லோகியா வெளியேற்றப்பட்டுத் தனிக்கட்சி கண்டார். இந்திய சோஷலிச இயக்கத்தின் பிளவு 'சுதந்திரத்துக்குப் பின் இந்தியா' குறிப்பேட்டில் ஒரு வரியாக இருக்கிறது. அந்த வரியில் மார்த்தாண்டமும் இல்லை, புதுக்கடையும் இல்லை.